ரஃபயேல் அஸ்கோனா: குண்டு சத்தமே இல்லாம போரை எழுதின ஸ்பெயின்காரர்

பழையரீல் எழுதியது:

வணக்கம் மக்களே, ரொம்ப நாளா இந்த இழையை ஆரம்பிக்கணும்னு நெனச்சு நெனச்சு தள்ளிப்போட்டுட்டே இருந்தேன், நேத்து ராத்திரி 'லா வாக்கீயா' மூணாவது தடவை பாத்துட்டு தூக்கம் வரல, அதான் எழுதிடலாம்னு உக்காந்துட்டேன். நீளமா இருக்கும், பொறுத்துக்கோங்க.

ஸ்பெயின் உள்நாட்டுப் போர் படம்னா நம்ம கண்ணு முன்னாடி வர்றது பதுங்குகுழி, கொடி, வீரமரணம், அப்புறம் ஒரு சோகமான கிடார். இந்தப் படம் எப்படி ஆரம்பிக்குதுன்னு பாருங்க. அரகோன் பக்கம் ஒரு போர்முனை, மாசக்கணக்கா ஒண்ணும் நடக்கல. குடியரசுக்காரங்க, அதாவது சர்க்கார் பக்கத்து சிப்பாய்ங்க கிட்ட சிகரெட் சுத்துற பேப்பர் இருக்கு, பேப்பர் மில்லு இருக்குற ஊரெல்லாம் அவங்க பக்கம். அந்தச் சர்க்காரை எதிர்த்துக் கலகம் பண்ணி, பின்னாடி சர்வாதிகாரி ஆன தளபதி ஃபிராங்கோவோட ஆளுங்க கிட்ட புகையிலை இருக்கு, கனாரித் தீவு அவங்க பக்கம். ரெண்டும் சேந்தாத்தான் பீடியாவது பிடிக்க முடியும். அதனால ரெண்டு பக்கத்து ஆளுங்களும் நடுவுல இருக்குற வெத்து நிலத்துக்கு வந்து பேப்பரைக் குடுத்து புகையிலை வாங்கிட்டு, ஊர்ல எல்லாம் சவுக்கியமான்னு கேட்டுட்டுத் திரும்பிப் போறாங்க. அவ்ளோதான் போர்!

இத எழுதினவர் ரஃபயேல் அஸ்கோனா, இயக்குநர் லூயிஸ் கார்சியா பெர்லாங்காவோட சேந்து. 1985-ல வந்த படம். இந்தக் கதை யோசனை பெர்லாங்கா மனசுல ஐம்பதுகள்லயே இருந்தது, ஃபிராங்கோ இருந்த வரைக்கும் எடுக்க விடல. எதிரி கிராமத்துத் திருவிழாவுக்கு வச்சிருக்குற கன்னுக்குட்டியைத் திருடிட்டு வரணும், அவங்க திருவிழாவும் கெடும், நமக்கும் கறி கெடைக்கும், இதுக்காக அஞ்சு பேர் யூனிஃபார்ம் மாத்திட்டு அந்தப் பக்கம் போறாங்க. கடைசியில கன்னுக்குட்டி யாருக்கும் கெடைக்காம நடு நிலத்துல செத்துக் கெடக்கு, கழுகு வந்து கொத்துது.

என் வாதம் இதுதான், யாராவது மறுத்தா சந்தோஷம். ஸ்பெயின்ல போரையும் போருக்குப் பிந்தின பஞ்ச காலத்தையும் ஒழுங்கா எழுதின ஒரே சினிமாக்காரர் அஸ்கோனாதான். கொள்கையைப் பத்தி ஒரு வசனம் எழுத மாட்டார். சோறு, வீடு, செருப்பு, கடன் தவணை. மனுசன் இதுக்காக எவ்ளோ தூரம் கீழ எறங்குவான்னு மட்டும் பாப்பார்.

---

மதுரைக்காரன்_78 எழுதியது:

அண்ணே பேரே இப்பதான் கேக்குறேன் 🙂 இயக்குநர்கள்ல பெர்லாங்கா தெரியும், புனுவேல் தெரியும், சௌரா தெரியும். கதாசிரியர் பேரு யாரு பாக்குறா. இவரு போர் நடக்கும்போதே எழுதினாரா? வயசு என்ன அப்ப?

---

பழையரீல் எழுதியது:

இல்ல தம்பி, போர் ஆரம்பிச்சப்ப அவருக்கு ஒம்பது வயசு. 1926 அக்டோபர்ல லொக்ரோன்யோவுல பொறந்தவர், ஒயின் விளையுற ரியோஹா பக்கம், அப்பா தையல்காரர். அந்த ஊரைப் பத்தி ஒண்ணு தெரிஞ்சுக்கணும். 1936 ஜூலையில கலகம் வெடிச்ச ஒடனே அந்த மாகாணம் ஃபிராங்கோ தரப்பு கைக்குப் போயிடுச்சு. போர்முனையே அந்தப் பக்கம் வரல, ஆனா அடுத்த சில மாசத்துல சுமார் 2000 பேரை வீட்டுல இருந்து கூட்டிட்டுப் போய் சுட்டுப் போட்டாங்க. ஊருக்கு வெளிய லா பர்ராங்கான்னு ஒரு இடம், அங்க மட்டும் நானூறு பேர் கிட்ட புதைச்சிருக்காங்க. ஆக இந்தப் பையன் பாத்த போர்ல சண்டை இல்ல, பக்கத்து வீட்டுக்காரர் திடீர்னு காணாமப் போவார், ஊர் வாயை மூடிக்கும், ஞாயித்துக்கெழம எல்லாரும் பூசைக்குப் போவாங்க. பின்னாடி இவர் எழுதின எல்லாத்துலயும் அந்த வாய்மூடல் இருக்குன்னு எனக்குத் தோணும், இது என் ஊகம்தான்.

1951-ல மத்ரீத் வந்தார். கவிதை எழுதணும்னு வந்த ஆளு, வயித்துப் பாட்டுக்கு புனைபெயர்ல சில்லறை நாவல் எழுதினார், அப்புறம் 'லா கொதோர்னிஸ்'னு ஒரு நகைச்சுவைப் பத்திரிகையில சேந்துட்டார். அந்தப் பத்திரிகைக்கு ஒரு பூர்வ கதை உண்டு, யாராவது சொல்லுங்க, எனக்கு டீ ஆறுது.

---

சப்டைட்டில்சாமி எழுதியது:

நான் சொல்றேன் தலைவரே. போர் நடக்கும்போது ஃபிராங்கோ தரப்பு சிப்பாய்ங்க படிக்க ஒரு நகைச்சுவை வாரப் பத்திரிகை வந்துச்சு, பேரு 'லா அமெத்ரயாதோரா', அதாவது மெஷின் கன். அதை நடத்தினவர் மிகேல் மியூரா. போர் முடிஞ்சதும் 1941-ல அதே ஆளு 'லா கொதோர்னிஸ்' ஆரம்பிச்சார். போர்ல ஜெயிச்ச பக்கத்துல இருந்து வந்த பத்திரிகைதான், ஆனா அது போகப் போக சர்க்காரையே சொறிய ஆரம்பிச்சுது, அது வேற கதை. மியூராவும் சினிமாவுக்கு எழுதினவர்தான், 1953-ல வந்த 'பியென்வெனிதோ மிஸ்டர் மார்ஷல்' வசனத்துல பெர்லாங்கா, இன்னொரு இயக்குநர் பார்தெம் கூட இவர் பேரும் இருக்கும்.

போர்க்கால எழுத்தாளர்னா நீங்க எட்கர் நெவிலைத் தொடாமப் போக முடியாது. நான் அஸ்கோனா கட்சி இல்ல, நெவில் கட்சி. கவுண்ட் பட்டம் உள்ள குடும்பம், தூதரக வேலை, இருபதுகள் கடைசியில ஹாலிவுட் போய் சாப்ளினுக்கு ஃப்ரெண்டு, எம்ஜிஎம்ல ஸ்பானிஷ் வசனம் எழுதினார். கவிஞர் லோர்காவுக்கும் நெருங்கின ஃப்ரெண்டு. போருக்கு முன்னாடி குடியரசு தரப்புத் தலைவர் அசான்யாவோட கட்சியில இருந்தவர், போர் வந்ததும் ஃபிராங்கோ பக்கம் போயி பிரச்சாரப் படம் எடுத்துக் குடுத்தார்! அந்தப் பக்கத்துலயே இவரை நம்பல, பழைய கட்சிக்காரன்னு விசாரணை வச்சாங்க. 1939-ல ரோம்ல 'ஃபிரெந்தே தெ மத்ரீத்' எடுத்தார். அதுல ஒரு ஃபலாங்கே (ஃபிராங்கோ பக்கத்துப் பாசிசக் கட்சி) சிப்பாயும் ஒரு குடியரசு சிப்பாயும் நடு நிலத்துல அடிபட்டு பக்கத்துல பக்கத்துல கெடந்து பேசிட்டே சாவாங்க. ஜெயிச்சவங்க சென்சாருக்கு அது புடிக்கல, கத்திரி போட்டாங்க. பாருங்க, 'லா வாக்கீயா'வுக்கு நாப்பத்தாறு வருஷம் முன்னாடியே நடு நிலத்துல ரெண்டு பக்கத்தையும் ஒக்கார வச்ச ஆளு இருந்திருக்கார்.

---

ஒத்தையடிப்பாதை எழுதியது:

நெவில் லோர்காவைக் கொன்ன பக்கத்துக்குப் போனவர். அதை 'அது வேற கதை'ன்னு தாண்டிப் போக வேண்டாமே சாமி.

---

சப்டைட்டில்சாமி எழுதியது:

தாண்டிப் போகல தோழர், நான்தான சொன்னேன் பிரச்சாரப் படம் எடுத்தார்னு. ஆனா 1950-ல இதே ஆளு 'எல் உல்திமோ கபாயோ'னு ஒண்ணு எடுத்தார், கடைசிக் குதிரை. குதிரைப்படையை மோட்டார் படையா மாத்துறாங்க, குதிரையெல்லாம் காளைச்சண்டைக்கு விக்கப் போறாங்க, அங்க போனா குடல் சரிஞ்சு சாகும், ஒரு சிப்பாய் தன் கல்யாணக் காசைப் போட்டு தன் குதிரையை வாங்கிட்டு மத்ரீத் டிராஃபிக்ல கட்டுறதுக்கு எடம் தேடி அலையறான். பாத்துட்டுத் திட்டுங்க.

---

பழையரீல் எழுதியது:

நெவில் நல்ல எழுத்துக்காரர், ஒத்துக்கறேன், 'கடைசிக் குதிரை' எனக்கும் புடிக்கும். ஆனா போர்க்கால திரைக்கதை ஆசிரியர்னு பேசினா ஒருத்தரை விட்டுட்டீங்க. அந்த நாட்டுல சென்சார் பயமே இல்லாம எழுதினவர் ஒரே ஒருத்தர், பேரு ஹைமே தெ அந்திராதே. 'ராசா'ன்னு 1942-ல வந்த படத்துக்குக் கதை அவர். ஒரு கடற்படைக் குடும்பம், அண்ணன் தம்பிகள்ல ஒருத்தன் குடியரசு பக்கம் போயி கெட்டுப்போறான், ஒருத்தன் வீரன். அந்த அந்திராதே யாருன்னா, ஃபிராங்கோ! சர்வாதிகாரியே புனைபெயர்ல கதை எழுதிட்டார். அதுலயும் காமெடி என்னன்னா உலகப் போர்ல ஹிட்லர் தோத்துட்டான், அமெரிக்கா தயவு வேணும், அதனால 1950-ல அதே படத்துல பாசிச சல்யூட்டையும் அமெரிக்காவைத் திட்டுற எடத்தையும் எடுத்துட்டு புதுசா டப்பிங் பண்ணி வேற பேர்ல திரும்ப விட்டாங்க. தலைவர் எழுதின கதைக்கே கத்திரி.

---

மதுரைக்காரன்_78 எழுதியது:

😂😂 செம. சரி அஸ்கோனாவுக்கு வாங்கண்ணே.

---

ஒத்தையடிப்பாதை எழுதியது:

நான் கொஞ்சம் எதிர்ப்பக்கம் பேசறேன், யாரும் கோவிச்சுக்காதீங்க. அஸ்கோனா படம் நாலஞ்சு பாத்திருக்கேன். சிரிப்பு வருது, கசப்பா இருக்கு, எல்லாம் சரி. ஆனா போரைப் பத்தி நேரடியா எழுதினதெல்லாம் எப்ப? 'லா வாக்கீயா' 1985, 'ஆய், கார்மேலா' 1990, 'பெல் எபோக்' 1992, 'லா லெங்குவா தெ லாஸ் மரிபோசாஸ்' 1999. ஃபிராங்கோ செத்தது 1975. புலி செத்தப்புறம் வால் புடிச்சு இழுக்கறது என்ன பெரிய தைரியம்? அதே காலத்துல நாட்டை விட்டு ஓடினவங்க எத்தனை பேர், திரைக்கதை எழுதுற அல்கோரிசா மாதிரி ஆளு மெக்ஸிகோ போய் புனுவேலோட உக்காந்து 'லோஸ் ஒல்விதாதோஸ்' எழுதினார். இவர் மத்ரீத் காபி கடையில உக்காந்து கெழவி கெழவன் ஜோக் எழுதிட்டு இருந்தார். ஃபிராங்கோவுக்கு இந்தமாதிரி சிரிப்பு ஒரு தொந்தரவும் இல்லையே, வால்வு மாதிரி ஆவி போயிட்டா குக்கர் வெடிக்காது.

---

பழையரீல் எழுதியது:

தோழர், அந்தக் கெழவி கெழவன் ஜோக்கை ஒவ்வொண்ணா எடுத்துக்குவோம், இதுக்குத்தான் இழையே தொறந்தேன்.

முதல்ல 'எல் பிசித்தோ', 1958-ல எடுத்தது, 'சின்ன வீடு'ன்னு மொழிபெயர்த்தா நம்ம ஊர்ல வேற அர்த்தம் வந்துரும், 'சின்ன ஃபிளாட்'னு வச்சுக்கோங்க. ரொதோல்ஃபோவும் பெத்ரித்தாவும் வருஷக்கணக்கா கல்யாணம் பேசி வச்சிருக்காங்க, வாழ வீடு கெடைக்கல. ரொதோல்ஃபோ ஒரு கெழவி வீட்டுல ஒரு ரூம்ல குடியிருக்கான். அந்தக் காலத்து வாடகைச் சட்டப்படி பழைய குறைஞ்ச வாடகை ஒப்பந்தம் கெழவி போனா அவ புருஷனுக்குப் போகும். அதனால பெத்ரித்தாவே சொல்றா, நீ கெழவியைக் கட்டிக்க, எப்படியும் ரெண்டு மாசத்துல போயிருவா. கட்டிக்கிறான். கெழவி சாக மாட்டேங்குறா, புதுப் பொண்ணு மாதிரி தெம்பாயிடுறா! பார்சிலோனாவுல இப்படி ஒரு கல்யாணம் நடந்ததா பேப்பர்ல வந்த சேதியில இருந்து எடுத்தது. முதல்ல நாவலா எழுதினார், அப்புறம் மார்கோ ஃபெர்ரேரின்னு ஒரு இத்தாலிக்காரர் படமா எடுத்தார். அந்த ஃபெர்ரேரி ஸ்பெயினுக்கு வந்தது படம் எடுக்க இல்ல, அகலத்திரை லென்ஸ் விக்க வந்தவர். வெளிநாட்டுக்காரருக்கு யூனியன் கார்டு இல்லைன்னு கூட இன்னொருத்தர் பேரையும் இயக்குநர்னு போட்டாங்க.

ரெண்டாவது 'எல் கொச்செசித்தோ', 1960. தொன் அன்செல்மோன்னு ஒரு பெரியவர், கூட்டாளிங்க எல்லாம் கால் ஊனம், மோட்டார் வச்ச மூணு சக்கர வண்டியில ஊர் சுத்துறாங்க. இவருக்கு கால் நல்லா இருக்கு. அதனாலேயே இவரை யாரும் சேத்துக்கறதில்ல. வண்டி வேணும்னு வீட்டுல கேக்குறார், குடும்பம் பைத்தியமான்னு கேக்குது. கடைசியில குடும்பத்துக்கே சாப்பாட்டுல விஷம் வைக்கிறார். எழுதினபடி எல்லாரும் செத்துப் போகணும், சென்சார் விடல, அவர் பாதியில மனசு மாறி போன் போட்டு சாப்பிடாதீங்கன்னு சொல்றமாதிரி மாத்தினாங்க. அந்தப் படத்துக்கப்புறம் ஃபெர்ரேரிக்கு ஸ்பெயின்ல தங்க அனுமதி நீட்டிக்கல, கெளம்பிட்டார். ஆவி போற வால்வுன்னா எதுக்கு ஆளைத் துரத்தணும்?

மூணாவது 'பிளாசிதோ', 1961, பெர்லாங்கா. கிறிஸ்துமஸுக்கு ஒரு ஏழையை உங்க மேசையில உக்கார வையுங்கன்னு ஒரு பிரச்சாரம், அதுவேதான் முதல்ல படத்துக்கு வச்ச தலைப்பு, சென்சார் வேண்டாம்னுட்டாங்க. ஊர்ப் பெரிய மனுசங்க ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு ஏழை, ஒரு நடிகைன்னு பங்கு பிரிக்கிறாங்க, பிரஷர் குக்கர் கம்பெனி ஸ்பான்சர். நடுவுல பிளாசிதோன்னு ஒருத்தன், இந்த ஊர்வலத்துக்கு தன் மூணு சக்கர வண்டியை ஓட்டுறான், அன்னைக்கே வண்டியோட முதல் தவணை கட்டணும், கட்டலைன்னா வண்டி போச்சு. அவன் பின்னாடியே ஓடுறான், ஒருத்தரும் காதுல வாங்கல. ஒரு வீட்டுல சாப்பிட வந்த ஏழைக்கு மாரடைப்பு, அவன் ஒரு பொம்பளையோட கல்யாணம் பண்ணாம குடியிருக்கான்னு தெரிஞ்சதும், சாகுறதுக்கு முன்னாடி தாலி கட்ட வச்சாதான் வீட்டுக்குப் பாவம் வராதுன்னு அடிச்சுக்கறாங்க. நமக்கு சிரிச்சு வயிறு வலிக்கும், கடைசியில ஒரு கிறிஸ்துமஸ் பாட்டு வரும், இந்த மண்ணுல கருணைன்னு ஒண்ணு இருந்ததும் இல்ல இருக்கப் போறதும் இல்லன்னு. இதுக்கு ஆஸ்கர் வேற கெடச்சுது.

---

நித்யா_க எழுதியது:

ஆஸ்கர் கெடைக்கல அண்ணா, வெளிநாட்டுப் படப் பிரிவுல பரிந்துரையோட நின்னுடுச்சு. அந்த வருஷம் பெர்க்மனுக்குப் போச்சு. அஸ்கோனா எழுதி ஆஸ்கர் வாங்கினது 'பெல் எபோக்', ட்ரூவேபா இயக்கினது. ஒத்தையடிப்பாதை, நீங்க அதைப் போர்ப் படம்னு சேத்தீங்க, அதுவும் தப்பு. அது 1931, குடியரசு வர்றதுக்குச் சித்த முன்னாடி நடக்குற கதை. ரெண்டு பேருக்கும் தலா ஒரு மார்க் கொறைச்சாச்சு 🙂

---

பழையரீல் எழுதியது:

தப்புதான் நித்யா, ராத்திரி ரெண்டு மணிக்கு எழுதினா இப்படித்தான்.

---

ஒத்தையடிப்பாதை எழுதியது:

ஒத்துக்கறேன். ஆனா 'எல் வெர்துகோ' பத்தி இன்னும் யாரும் வாயத் தொறக்கலையே, அதுதான் என் கட்சியை அடிச்சு நொறுக்குற படம், அதையே காணோம் 😀

---

சப்டைட்டில்சாமி எழுதியது:

நான் எழுதறேன், நெவில் கட்சியா இருந்தாலும் இந்தப் படத்துக்கு முன்னாடி தலை குனியணும்.

தூக்குப்போடுறவன்னு சொல்லலாம், ஆனா அங்க கயிறு கெடையாது. 'கர்ரோத்தே வில்'னு ஒரு முறை, ஆளை ஒக்கார வச்சு கழுத்துல இரும்பு வளையம் மாட்டி பின்னால திருகை திருகுறது. அமதேயோன்னு ஒரு கெழவர் அந்த வேலை பாக்குறவர், பெப்பே இஸ்பெர்த் நடிச்சிருப்பார், கரகரன்னு அந்தக் குரல் இருக்கே அப்பப்பா. பொண்ணு கார்மென். அவளைக் கட்டிக்க ஒருத்தனும் வரல. ஹோசே லூயிஸ் சவப்பெட்டிக் கம்பெனியில வேலை பாக்குறவன், அவனைக் கட்டிக்க ஒருத்தியும் வரல. ரெண்டும் சேந்துக்குது. கெழவருக்கு சர்க்கார் வேலைங்கறதால புது ஃபிளாட் கெடைக்கப் போகுது, ஆனா ரிட்டயர் ஆயிட்டா கெடைக்காது, மருமகன் அந்த வேலையை எடுத்துக்கிட்டா வீடு நிக்கும். சும்மா கையெழுத்துப் போடு மாப்ள, வேலை வராது, எல்லாருக்கும் மன்னிப்பு குடுத்துடுவாங்கன்னு சொல்லியே கையெழுத்து வாங்கிடுறாங்க. பாத்தீங்களா, மறுபடியும் வீடு! 'எல் பிசித்தோ'வுல வீட்டுக்காகக் கெழவியைக் கட்டினான், இங்க வீட்டுக்காகக் கொலைகாரன் ஆகுறான்.

அழைப்பு வர்றது மயோர்கா தீவுல இருந்து. குடும்பத்தோட டூர் மாதிரி போறாங்க. குகைக்குள்ள ஏரி, படகுல இருந்தபடி வாத்தியம் வாசிக்கிறாங்க, எல்லாரும் கேட்டுட்டு இருக்கும்போது இருட்டுல இருந்து போலீஸ்காரங்க ஒரு படகுல வந்து இவன் பேரைக் கூப்பிடுவாங்க. அப்புறம் அந்த வெள்ளை ஹால். சும்மா பெருசா வெறுமையா ஒரு ஹால், அதைக் கடந்து ரெண்டு கும்பல் போகுது, முன்னாடி சாகப் போறவனைத் தாங்கிப் புடிச்சுக் கூட்டிட்டுப் போறாங்க, பின்னாடி கொல்லப் போறவனைத் தரதரன்னு இழுத்துட்டுப் போறாங்க. வாந்தி எடுக்குறமாதிரி வர்றது பின்னாடி வர்றவனுக்குத்தான். அவன் தொப்பி கீழ விழும், ஒருத்தர் ஓடி வந்து எடுத்துட்டுப் போவார். திரும்பி வந்து மாமனார்கிட்ட இனிமே செய்ய மாட்டேங்குறான். முதல் தடவை நானும் அப்படித்தான் சொன்னேங்குறார் கெழவர்.

இது 1963-ல வெனிஸ் விழாவுக்குப் போச்சு. எந்த 1963 தெரியுமா? ஏப்ரல்ல கம்யூனிஸ்ட் தலைவர் ஹுலியான் கிரிமாவை சுட்டுக் கொன்னாங்க, ஆகஸ்ட் 17-ல கிரனாதோ, தெல்காதோன்னு ரெண்டு அராஜகவாதிகளை இதே கர்ரோத்தே போட்டுக் கொன்னாங்க. ரெண்டு வாரத்துல இந்தப் படம் வெனிஸ்ல! ரோம்ல இருந்த ஸ்பெயின் தூதர் பதறிப்போய் மேலிடத்துக்கு நீளமா லெட்டர் எழுதினார், இது ஸ்பெயினுக்கு எதிரான அவதூறுன்னு. படத்துக்கு விமர்சகர் பரிசு கெடச்சுது, ஊருக்குத் திரும்பி வந்தப்ப கத்திரி. பெட்டிக்குள்ள அந்த இரும்புக் கருவி இடிச்சுக்கற சத்தம்கூட அவங்களுக்குப் பொறுக்கல.

---

மதுரைக்காரன்_78 எழுதியது:

இத எப்படி முன்னாடி ஸ்கிரிப்ட்லயே விட்டாங்க? ஸ்கிரிப்ட்டை முதல்ல சென்சாருக்குக் காட்டணும்னு கேள்விப்பட்டிருக்கேனே.

---

பழையரீல் எழுதியது:

அதுதான் தம்பி அஸ்கோனாவோட கைத்தொழில். சென்சாருக்கு முதல்ல கதை எழுத்துல போகும், பாஸ் ஆனாத்தான் படப்பிடிப்பு, எடுத்தப்புறம் மறுபடி பாப்பாங்க. கமிட்டியில சாமியாரும் இருப்பார், அதிகாரியும் இருப்பார். அவங்க பேப்பர்ல படிக்கிறப்ப என்ன தெரியும்? ஒரு அரசு ஊழியர், மகள் கல்யாணம், வீட்டுப் பிரச்சினை, மயோர்கா பயணம். அரசாங்கத்தை எதிர்த்து ஒரு வசனம் கெடையாது. எல்லாரும் நல்லவங்க, சிறை வார்டன் கூட மரியாதையா பேசுவார். அடிக்கோடு போட்டு வெட்டுறதுக்கு எடம் எங்க இருக்கு? கொடூரம் வசனத்துல இல்ல, வரிசையில இருக்கு, எதுக்கப்புறம் எது வருதுங்கறதுல. பேப்பர்ல கண்ணுக்குத் தெரியாது, திரையில மூஞ்சியில அறையும்.

அந்தச் சென்சாருக்கு புத்தி எப்படி வேலை செஞ்சதுன்னு ஒரு சாம்பிள் சொல்றேன், அஸ்கோனா சம்பந்தமில்லாதது. 'மொகாம்போ'ன்னு ஹாலிவுட் படம், அதுல கல்யாணமான பொண்ணு வேறொருத்தனை விரும்புறா. கள்ளக்காதல் ஆகாதுன்னு ஸ்பானிஷ் டப்பிங்ல புருஷனை அண்ணன்னு மாத்திட்டாங்க. இப்ப திரையில அண்ணனும் தங்கச்சியும் புருஷன் பொண்டாட்டி மாதிரி நடந்துக்குறாங்க! ஒழுக்கத்தைக் காப்பாத்திட்டாங்களாம்.

---

நித்யா_க எழுதியது:

எனக்கு ஒரு உறுத்தல் இருக்கு, சொல்லிடறேன். இந்த ஆரம்பப் படங்கள்ல எல்லாம் பெண்தான் ஆணைக் குழிக்குள்ள தள்ளுறா. கெழவியைக் கட்டிக்கன்னு சொல்றது பெத்ரித்தா. வேலையை எடுத்துக்கன்னு அழுறது கார்மென். ஆண் பாவம் பச்சப்புள்ள, மாட்டிக்கிறான். ஃபெர்ரேரியோட இத்தாலியில எழுதினது இன்னும் மோசம், 1963-ல ஒரு படம், கல்யாணம் ஆன பொண்டாட்டி புருஷனைச் சக்கையாப் பிழிஞ்சு சாகடிக்கிறா, தலைப்பே ராணித்தேனீ. இதைக் கருப்பு நகைச்சுவைன்னு கொண்டாடறவங்க ஒருத்தரும் இதைச் சொல்ல மாட்டேங்குறாங்க.

ஆனா நானே என்னோட வாதத்தை உடைச்சுக்கறேன், பெத்ரித்தாவை இன்னொரு தடவை பாத்தேன். அவ அக்கா குடும்பத்தோட நெருக்கியடிச்சு இருக்கா, வயசு போயிட்டு இருக்கு, வேலை இல்லாம வெளிய தனியா வாழ அந்த நாட்டுல அப்ப பொண்ணுக்கு வழியே இல்ல. கல்யாணமான பொண்ணு பேங்க் கணக்கு தொறக்க புருஷன் சம்மதம் வேணும்ங்கற காலம். பெத்ரித்தாவா நடிச்ச மேரி கர்ரியோ மூஞ்சி கடைசி காட்சியில கல்லாயிடும். வீடு கெடச்சாச்சு, சிரிக்க ஆளில்ல. அஸ்கோனா அவளை வில்லி ஆக்கலன்னு இப்ப தோணுது, ஆனா அவளுக்குள்ள போயி பாக்கவும் இல்ல. ஆண் கூடவேதான் நடந்து போறார்.

---

பழையரீல் எழுதியது:

நியாயமான பேச்சு. மறுக்க எனக்கு 'ஆய், கார்மேலா' மட்டும்தான் இருக்கு. அது சான்சிஸ் சினிஸ்தெர்ரா நாடகம், இவரும் சௌராவும் திரைக்கதை ஆக்கினாங்க. 1938, பவுலினோ, கார்மேலான்னு ரெண்டு நாடக நடிகர்கள், புருஷன் பொண்டாட்டி மாதிரி, கூட ஒரு வாய் பேசாத பையன், பனிமூட்டத்துல வழி தப்பி எதிரிப் பகுதிக்குள்ள வண்டி ஓட்டிட்டாங்க. உயிர் பொழைக்கணும்னா ஃபிராங்கோ சிப்பாய்ங்க முன்னாடி குடியரசுக் கொடியைக் கேலி பண்ணி நாடகம் போடணும். கைதியா போலந்துப் பசங்க பாத்துட்டு உக்காந்திருக்காங்க, மறுநாள் அவங்களைச் சுடப் போறாங்க. பவுலினோ பல்லைக் கடிச்சுட்டு நடிக்கிறான். கார்மேலாவுக்கு முடியல. மேடையிலயே பொங்கிடுறா. தைரியம் வர்றது அவளுக்குத்தான், சாவும் அவளுக்குத்தான். கார்மென் மௌரா நடிப்புக்கு ஒண்ணும் சொல்லத் தேவையில்ல, படம் 13 கோயா விருதை, அதாவது ஸ்பெயினோட தேசிய சினிமா விருதை, அள்ளிட்டுப் போச்சு.

---

ஒத்தையடிப்பாதை எழுதியது:

நான் நேத்து ராத்திரி ஒண்ணு தோண்டிட்டு வந்தேன், என் வாதத்தை நானே முழுங்கறேன். 'லா பிரிமா ஆன்ஹெலிகா', 1974. ஃபிராங்கோ உயிரோட இருக்கும்போதே. சௌராவும் அஸ்கோனாவும். தோத்த பக்கத்துப் பையன் ஒருத்தன் போர்க் காலத்துல ஜெயிச்ச பக்கத்து உறவுக்காரங்க வீட்டுல மாட்டிக்கிறான், அந்த வீட்டுப் பொண்ணு ஆன்ஹெலிகா மேல பாசம். பெரியவனாகி திரும்பி வந்து ஞாபகத்துல நுழையறான், பையனா வர்றப்பவும் அதே வழுக்கைத் தலை நடிகர் லோபெஸ் வாஸ்கேஸ்தான், பையன் வேஷம்கூடப் போடாம அப்படியே உக்காந்து பையனா பேசுறார். ஒரு எடத்துல ஃபலாங்கே மாமாவுக்கு கை ஒடஞ்சு மாவுக்கட்டு போட்டிருக்கும், கட்டு போட்ட கை அப்படியே பாசிச சல்யூட்டுல நிக்குது! தியேட்டருக்கு வந்த வலதுசாரிங்களுக்கு அது போதும். மத்ரீத்ல தியேட்டர் புகுந்து படச்சுருளைத் திருடினாங்க, பார்சிலோனாவுல தியேட்டருக்கு வெடி வச்சாங்க. புலி உயிரோட இருக்கும்போதே வாலைத் தொட்டிருக்கார், சரி.

---

சப்டைட்டில்சாமி எழுதியது:

பாராட்டுக்கள் தோழர், இணையத்துல ஒருத்தர் மனசு மாறி நான் பாத்ததே இல்ல.

இப்ப என் கேள்வி. இதெல்லாம் அஸ்கோனாவோடதுன்னு எப்படிச் சொல்றது? பெர்லாங்கா, சௌரா, ஃபெர்ரேரி, ட்ரூவேபா, குவெர்தா, எல்லாம் பெரிய கை. பெர்லாங்காவோட வாழ்க்கையே தனிக் கதை. அப்பா குடியரசுக் கட்சி எம்பி, போருக்கப்புறம் மரண தண்டனை போட்டாங்க, அப்பாவைக் காப்பாத்த மகன் 1941-ல நீலப் படையில சேந்து ரஷ்யா போய் ஹிட்லர் பக்கம் நின்னான். இந்த ஆளுக்குத் தெரியாதா நடு நிலம்னா என்னன்னு?

---

பழையரீல் எழுதியது:

தெரியும், அதுல சந்தேகமில்ல. ஆனா அஸ்கோனாவுக்கு முன்னாடி பெர்லாங்கா படத்தைப் பாருங்க, 'மிஸ்டர் மார்ஷல்' எடுத்துக்கோங்க. கிராமம், ஏமாத்தம், ஆனா மேல ஒரு இனிப்பு தடவியிருக்கும், கடைசியில மழை பெய்யும், ஆளாளுக்குக் கொஞ்சம் நம்பிக்கை மிஞ்சும். 1959-ல ஒரு தொலைக்காட்சிக் குறும்படத்துல ரெண்டு பேரும் சேந்தாங்க, அதுக்கப்புறம் அந்த இனிப்பு போச்சு. அதே ஃபெர்ரேரியை எடுங்க, சௌராவை எடுங்க, மூணு பேரும் மூணு திசை, ஆனா ஒரு சின்னப் பொருள் மேல ஆசைப்பட்டு அழியுற மனுசன் மூணு பேர்கிட்டயும் வர்றான். 1973-ல ஃபெர்ரேரியோட 'லா கிரான்த் பூஃப்' வந்துச்சே, நாலு பணக்காரங்க தின்னு தின்னே சாகுற படம், அதுல சோறு இல்லாத காலத்துல வளந்த ஆளோட கை தெரியலையா?

இன்னொண்ணு, அவர் தன் பேரைப் பெருசாக்கிக்கவே இல்ல. நூறை ஒட்டின படங்களுக்கு எழுதியும் போட்டோ, பேட்டி எல்லாத்துலயும் பின்னாடி ஒதுங்கியே இருந்தார். காபி கடையில உக்காந்து பக்கத்து மேசையில என்ன பேசுறாங்கன்னு கேக்குறதுதான் வேலைன்னு இருந்த ஆளு. வயசான காலத்துல தன் பழைய நாவல்களை எடுத்து, சென்சாருக்குப் பயந்து மழுப்பின எடத்தையெல்லாம் திரும்ப எழுதினார். 'லோஸ் எவுரோபேயோஸ்'னு ஒரு நாவல் 1960-ல ஸ்பெயின்ல வரவே முடியாம பாரிஸ்ல வந்தது, நாப்பது வருஷத்துக்கு மேல கழிச்சு அதையும் ஒக்காந்து திருத்தினார். அந்தப் பிடிவாதம் எனக்குப் புடிக்கும்.

---

மதுரைக்காரன்_78 எழுதியது:

அண்ணே எதுல ஆரம்பிக்கட்டும்? ஒண்ணே ஒண்ணு சொல்லுங்க, இத்தனை பேரு சொன்னா நான் ஒண்ணும் பாக்க மாட்டேன்.

---

பழையரீல் எழுதியது:

'எல் வெர்துகோ'. மறு பேச்சே இல்ல.

---

நித்யா_க எழுதியது:

நான் வேற சொல்வேன். பட்டாம்பூச்சியோட நாக்கு, அதாவது 'லா லெங்குவா தெ லாஸ் மரிபோசாஸ்'. மனுவேல் ரிவாஸோட மூணு சிறுகதையைச் சேத்து எழுதினது, குவெர்தா இயக்கம். கலீசியா கிராமம், 1936 தொடக்கம், மோஞ்சோன்னு ஒரு சின்னப் பையன், பள்ளிக்கூடம்னா பயந்து டிரவுசர்லயே ஒண்ணுக்குப் போயிடுறான். வாத்தியார் தொன் கிரிகோரியோ வீட்டுக்கே வந்து அவன்கிட்ட மன்னிப்பு கேக்குறார். பட்டாம்பூச்சிக்கு சுருட்டி வச்ச நாக்கு இருக்கு, தேன் குடிக்க நீட்டும்னு சொல்லித் தர்றார். ஜூலை வருது. குடியரசுக்காரங்களை லாரியில ஏத்துறாங்க, அதுல வாத்தியாரும். பையனோட அப்பாவும் குடியரசு ஆள்தான், அப்பா தையல்காரர், வாத்தியாருக்கு ஒரு சூட் தச்சுக் குடுத்தவர். உயிர் பொழைக்க அம்மா எல்லாரையும் கத்தச் சொல்றா. அப்பா அழுதுட்டே வாத்தியாரைக் கெட்ட வார்த்தையில திட்டுறார். பையன் லாரி பின்னாடி ஓடி கல்லெறிஞ்சுட்டே நாத்திகன், செவப்பன்னு கத்துறான், வசவு தீந்து போகுது, தெரிஞ்ச வேற வார்த்தை இல்ல, வாத்தியார் கத்துக்குடுத்த பறவை பேரையும் பட்டாம்பூச்சி நாக்கோட பேரையும் கத்துறான்.

---

பழையரீல் எழுதியது:

நித்யா, இத்தனை தடவை பாத்தும் எனக்கு இது ஒறைக்கல. அந்த அப்பாவும் தையல்காரர், அஸ்கோனாவோட அப்பாவும் தையல்காரர். ரிவாஸ் கதையிலயே தையல்காரர்தான்னு நெனைக்கிறேன், அஸ்கோனா வச்சதில்ல. ஆனா அறுபது வருஷம் கழிச்சு அந்தக் கதை எழுதச் சொல்லி இவர் மேசைக்கு வந்தப்ப, லொக்ரோன்யோ பையனுக்கு எப்படி இருந்திருக்கும்.

---

ஒத்தையடிப்பாதை எழுதியது:

அவர் போனது எப்ப?

---

பழையரீல் எழுதியது:

2008 மார்ச் 24, மத்ரீத். அப்புறம்தான் வெளிய சொன்னாங்க. 'லோஸ் கிராசோலெஸ் சியேகோஸ்' அவர் போனதுக்கப்புறம் அந்த வருஷம் ஆகஸ்ட்ல வந்துச்சு, போர் முடிஞ்சப்புறம் வீட்டு அலமாரிக்குப் பின்னாடி ஒளிஞ்சு வாழுற ஒருத்தன் கதை. அதுக்கு அடுத்த வருஷம் கோயா குடுத்தாங்க.

மதுரைக்காரன், ரெண்டுல எதுவானாலும் பாத்துட்டு வந்து எழுது தம்பி. சப்டைட்டில் சரியா இருக்குற பிரதியா பாத்துக்க, பெர்லாங்கா படத்துல ஒரே நேரத்துல ஆறு பேர் பேசுவாங்க, பாதி ஜோக்கு பின்னாடி நிக்கிறவன் வாயில இருக்கும்.

---

மதுரைக்காரன்_78 எழுதியது:

'எல் வெர்துகோ' பாத்தாச்சு அண்ணே. அந்தத் தொப்பியை ஏன் ஓடி வந்து எடுத்துட்டுப் போனான் அந்த ஆளு? அதையே நெனச்சுட்டு இருக்கேன்.